அண்ணனுக்கு ஏறிய ரத்தம்

1909 மார்ச், காலை பத்தரை மணி. ரத்தம் ஏறத் தொடங்கிய சற்று நேரத்தில் வேலு கட்டிலே ஆடும்படி நடுங்கினான். இடுப்பு வலிக்கிறது என்று அலறினான். டாக்டர் துரை அவசரமாகக் குழாயைப் பிடுங்கினார். நண்பகலில் வேலுவுக்குப் போன சிறுநீர் கடுங்காப்பி நிறத்தில் இருந்தது.

"விஷம்!" என்று ஆஸ்பத்திரி வாசலில் கத்தினான் அவன் தம்பி நாகேஷ். "உப்புத்தண்ணி கலக்குன நர்சுதான் வச்சிட்டா!"

தங்கச் சுரங்கத்தில் பாறை சரிந்து கால் நசுங்கியவன் வேலு. நர்ஸ் மரியகுழந்தை காய்ச்சிய உப்புத்தண்ணீரும் அவன் உடம்பில் ஏறியிருந்தது. இன்ஸ்பெக்டருக்கு அது போதும். சாயங்கால ரயிலில் அவளைக் கோலார் ஜெயிலுக்குக் கொண்டுபோகும்படி ஏட்டு ஜெயகரனுக்கு உத்தரவு போட்டார்.

ஜெயகரன் ஆண்டர்சன்பேட்டையில் சுரங்கத் தொழிலாளர் குடியிருக்கும் லைன் வீட்டில் பிறந்தவர். அந்த லைனிலிருந்து போலீஸ் தலைப்பாகை கட்டிய முதல் ஆள். அதில் அவருக்குக் கொஞ்சம் தலைக்கனம்கூட உண்டு, இருந்துவிட்டுப் போகட்டுமே. யாரோ கைகாட்டிய பெண்ணை இழுத்துக்கொண்டு போக அவருக்கு மனசு வரவில்லை.

"உப்புத்தண்ணி மிச்சம் இருக்குதா, நர்சம்மா?"

மரியகுழந்தை மிச்சத்தைத் தம்ளரில் ஊற்றி, அவர் கண்ணெதிரிலேயே மடமடவென்று குடித்தாள். "போதுமா, ஏட்டையா?"

"எனக்குப் போதும். இன்ஸ்பெக்டருக்குப் போதாது. ரத்தம் யாருது?"

"காலையில மூணு பேர் வெரல்ல குத்தி எடுத்தேன். டாக்டர் முகம் பாக்கல, சுரங்கத்துல ஆளுக்கு ஒண்ணு குட்த்திருக்கிற டோக்கன் நம்பரைத்தான் பாத்தாரு. வேலு ரத்தத்தோட கலந்து பாத்ததுல தம்பி ரத்தமும் இன்னொருத்தன் ரத்தமும் திரிஞ்ச பாலாட்டம் கட்டியாயிடுச்சு. கூட வேலை செய்யற சம்பங்கி ரத்தம்தான் சேந்துது. ரத்தம் எடுக்க அவனைக் கூப்பிட்டப்ப நான் அடுத்த ரூம்ல தண்ணி காய்ச்சிக்கினு இருந்தேன்."

டாக்டர் துரை தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தார். அந்தச் சோதனை அவருக்கே புதிது. "சோதனையே பொய் போலிருக்கிறது. இனி யார் ரத்தத்தை நம்பி ஏற்றுவது? ஏற்றாவிட்டால் அவன் இரவைத் தாண்ட மாட்டான்."

"ரத்தம் எங்கே எடுத்தீங்க?"

"இடது மணிக்கட்டைக் கீறி. கட்டும் நானே போட்டேன்."

பிற்பகல் இரண்டு மணி. வேலுவின் வீட்டு வாசலில் சம்பங்கி விறகு பிளந்துகொண்டிருந்தான். சுற்றிலும் கூட்டம்.

"காலையில எங்க ஊட்டுக்காரருக்கு ரத்தம் குட்த்துட்டு, இப்ப வெறகு பொளக்கறான் பாருங்க!" என்றாள் வேலுவின் மனைவி கங்கம்மா. "மனுசன்னா இவன்தான்!"

ஜெயகரனும் பார்த்தார். கோடாலி மேலே போயிற்று, கீழே வந்தது. அவர் சம்பங்கியை ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போனார்.

அங்கே வாசலில், கொளுத்துகிற வெயிலில் நாகேஷ் கம்பளி போர்த்தி உட்கார்ந்திருந்தான்.

"கம்பளியை எடு."

"குளுருது, ஏட்டையா."

ஜெயகரனே அதை உருவினார். இடது மணிக்கட்டில் வெள்ளைக் கட்டு!

"வேலுவைக் கொல்லப் பார்த்தது நர்சம்மா தண்ணி இல்ல, உன் ரத்தம்" என்றார் ஜெயகரன். "ரத்தம் குட்த்தவன்னு லைனே சம்பங்கியை மெச்சுது. மெச்சினதுல ஒருத்தர்கூட அவன் மணிக்கட்டைப் பாக்கல. ரெண்டு கையிலயும் ஒரு கீறல் கெடையாது."

சம்பங்கி தலை குனிந்தான். "நாகேஷ்தான் கெஞ்சினான், ஏட்டையா. ஷிப்டுக்கு ஆள் மாறுவமே, அப்படித்தான் டோக்கன் மாத்திக்கினோம். வெளிய தெரிஞ்சா வேலை போயிடும்னு வாயத் தெறக்கல."

"ஒரே வயித்துல பொறந்தவன் ரத்தம் சேராதுன்னா இன்னா நாயம்?" நாகேஷ் விம்மினான். "எங்க அண்ணன் உடம்புல அடுத்தவன் ரத்தமான்னு ரோசம் வந்துடுச்சு. என் ரத்தம் கெடுதல் பண்ணாது, விஷம்தான்னு சத்தியமா நம்பினேன்."

டாக்டர் துள்ளி எழுந்தார். "அப்படியானால் சோதனை பொய்யில்லை!"

சம்பங்கி கையை நீட்டினான். இந்தத் தடவை டோக்கனை யாரும் கேட்கவில்லை. மரியகுழந்தை முகத்தைப் பார்த்து உள்ளே விட்டாள். விளக்கேற்றும் நேரத்தில் வேலுவின் உதட்டில் நிறம் திரும்பியது. தண்ணீர் கேட்டான்.

"இவன் மேல கேஸ் எழுதட்டுமா, நர்சம்மா?" என்றார் ஜெயகரன். நாகேஷ் அவள் காலடியில் விழுந்து கிடந்தான்.

மரியகுழந்தை அவனைக் குனிந்து பார்த்தாள். கோபம் இல்லாமலில்லை.

"இவன் லைன்ல வீடு வீடாப் போகட்டும். நான் விஷம் வைக்கலன்னு சொல்லட்டும். எங்க அண்ணன் உடம்புல சம்பங்கி ரத்தம் ஓடுதுன்னும் சொல்லட்டும். தலை குனிஞ்சு இல்ல, நிமிந்து சொல்லணும்."