சுவாதீனம்

வெண்ணந்தூரைத் தாண்டி மண் தடத்தில் வேன் திரும்பியபோது தீனதயாளனுக்கு எரிச்சலாக இருந்தது. பின்னால் காஸ் அடுப்பு, நாலு பாத்திரம், ஒரு பாய், மனைவியின் பழைய சேலைகள் இரண்டு. குடியிருக்காத வீட்டில் குடியிருப்பதாகக் காட்ட இது போதுமா என்று அவருக்கே சந்தேகம்.

ஆட்டையாம்பட்டியில் இருந்த தறிப்பட்டறையை விற்று, பேங்க் ஏலத்தில் இந்தத் தோட்டத்தையும் வீட்டையும் எடுத்திருந்தார். சாவியும் கைக்கு வந்துவிட்டது. ஆனால் பழைய சொந்தக்காரன் செங்கோட்டையன் வழக்குப் போட்டான். சாவிதான் கைமாறியது, என் வீட்டார் இன்னும் அங்கேதான் இருக்கிறார்கள், இடம் என் கைவசம்தான், சுவாதீனம் என்னுடையது என்றான். வீட்டில் யார் இருக்கிறார்கள் என்று பார்த்துச் சொல்ல கோர்ட் கமிஷனர் இன்று சாயங்காலம் வருகிறார். வீடு காலியாகக் கிடந்தால் வழக்கு இழுத்துக்கொண்டே போகும். பட்டறையும் போய், தோட்டமும் இல்லாமல் நிற்க வேண்டியதுதான்.

இதில் வேடிக்கை, செங்கோட்டையனுக்கு வீட்டார் என்று இருந்தது மனைவி அத்தாயி மட்டும்தான். பேங்க் நோட்டீஸ் ஒட்டிய வாரமே அவள் அந்த வீட்டுக் கிணற்றில் விழுந்து செத்துப்போனாள்.

"வாசல் தெளிச்சிருக்கணும், அடுப்பு எரியணும், ஒரு பொம்பள இருக்கணும். கமிஷனர் பாக்கறது அவ்வளவுதானுங்க," என்று வக்கீல் குருமூர்த்தி சொல்லியிருந்தார். ஆனால் மனைவி வித்யா மசியவில்லை.

"அவ அடுப்புல நான் தீ வெக்க மாட்டனுங்க," என்று சொல்லிவிட்டு, ராசிபுரத்தில் இருக்கும் அம்மா வீட்டுக்கு பஸ் ஏறிவிட்டாள்.

மேகம் கவிந்து, நாலு மணிக்கே வெளிச்சம் மங்கியிருந்தது. கேட் பூட்டைத் திறந்து உள்ளே போன தீனதயாளன் நின்றார்.

வாசல் ஈரமாக இருந்தது. இப்போதுதான் சாணி தெளித்த வாசம்.

கூரைக்கு மேலே விறகுப் புகை. கதவு பூட்டித்தான் கிடந்தது. அவர் சாவிக்குத்தான் திறந்தது. அடுப்படியில் பாத்திரம் உருளும் சத்தம். எட்டிப் பார்த்தார். ஒரு பெண் முதுகைக் காட்டிக்கொண்டு அடுப்பின் முன்னால் குந்தியிருந்தாள். பச்சைச் சேலை, அள்ளி முடிந்த ஈரக் கூந்தல்.

"யாருங்க?"

அவள் திரும்பவில்லை.

வக்கீல் ஆள் ஏற்பாடு செய்துவிட்டார், பின்பக்கமாக வந்திருப்பாள் என்று நினைத்ததும் அவருக்குப் பாதி உயிர் வந்தது. கேட்கலாம் என்று போன் போட்டார். குருமூர்த்தி எடுக்கவில்லை. ஆனாலும் அடுப்படி வாசலில் நிற்கப் பிடிக்கவில்லை. அவ்வளவு தீ எரிந்தும் அங்கே சில்லென்று இருந்தது. வெளியே வந்துவிட்டார்.

சேலத்திலிருந்து வந்த கமிஷனர் மோகனப்பிரியா சின்ன வயசு வக்கீல். செங்கோட்டையன் வேலிக்கு அந்தப் பக்கமே நின்றுகொண்டான். வீட்டைச் சுற்றி, உள்ளேயும் போய்ப் பார்த்துவிட்டு, வாயைத் துடைத்துக்கொண்டே அவள் வெளியே வந்தாள்.

"கேக்காமயே சொம்புல தண்ணி குடுத்தாங்க. கொஞ்சம் பாசி வாசம் அடிக்குது, கிணத்துத் தண்ணிங்களா? சரி, உள்ள யாருங்க?"

கூலிக்கு வந்தவள் என்று சொன்னால் எல்லாம் போச்சு. தீனதயாளன் சட்டென்று சொன்னார்.

"என் ஊட்டுக்காரிங்க."

உள்ளே பாத்திரச் சத்தம் நின்றது.

அந்த ஒரு நொடி, யாரோ காது கொடுத்துக் கேட்பதுபோல் வீடு முழுவதும் அமைதியாக இருந்தது. கமிஷனர் தலையாட்டிவிட்டு காரில் ஏறிப் போனாள்.

கார் மறைந்த பிறகு செங்கோட்டையன் மெல்ல வந்தான். சண்டைக்கு வருகிறான் என்று தீனதயாளன் விறைத்துக்கொண்டார்.

"தண்ணி குடுத்தது பச்சச் சீலைங்களா?"

"ஆமாங்க. ஏனுங்க?"

"அத்தாயிய எடுத்த அன்னைக்கே கெணத்துல மண்ணக் கொட்டி மூடிட்டமுங்க."

தீனதயாளன் அடுப்படிப் பக்கம் திரும்பிப் பார்த்தார்.

"எத்தனையோ தடவ வந்து கூப்பிட்டேன், எங்கூட வரவே மாட்டீங்கறா. ஊட்ட உட்டவன் அவளுக்குப் புருஷன் இல்லையாமா. அவள உட்டுட்டுப் போகத்தான் மனசு வல்லீங்க, அதுக்குத்தான் கேஸே போட்டேன்." துண்டால் முகத்தைத் துடைத்தான். "இப்ப நீங்களே உங்க ஊட்டுக்காரின்னு சொல்லிட்டீங்க. அவளும் கேட்டுட்டா. இனி நான் கேஸ் நடத்தலீங்க."

திரும்பிப் பார்க்காமல் போய்விட்டான். அவன் நடையில் பாரம் இறக்கியவனின் வேகம் இருந்தது.

போன் அடித்தது. குருமூர்த்தி.

"ஆளா? நான் யாரையும் அனுப்பலீங்களே."

தீனதயாளன் கதவைக்கூடப் பூட்டவில்லை. வேனை எப்படி ஓட்டினார் என்று அவருக்கே தெரியாது. ஜெயித்துவிட்டோம், ஜெயித்துவிட்டோம் என்று வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே வந்தார்.

ஆட்டையாம்பட்டியில் தெருவிளக்கு எரியத் தொடங்கியிருந்தது. கோபம் தணிந்து வந்த வித்யா, பையும் கையுமாக அவர்கள் வீட்டு முன்னால் நின்றாள். அவளைப் பார்த்ததும் அவருக்கு அழுகையே வந்துவிட்டது.

"இப்பத்தான் பஸ்ஸ விட்டு எறங்கறேன்," என்றாள் வித்யா. "விளக்கு வெக்கற நேரத்துல வாசல் தெளிச்சது யாருங்க?"

சிமெண்டுத் தரை ஈரமாக மின்னியது. சாணி வாசம்.

காலையில் அவர் போட்ட பூட்டு கதவில் அப்படியே தொங்கியது. விறகடுப்பே இல்லாத அந்த வீட்டின் ஜன்னல் வழியாக விறகுப் புகை வந்துகொண்டிருந்தது. அடுப்படியில் ஒரு பாத்திரம் மெல்ல உருண்டது.

வித்யா அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். குரல் இறங்கிப்போயிருந்தது.

"ஏனுங்க... உள்ள யாருங்க?"

சத்தம் நின்றது. அவர் சொல்லப்போவதைக் கேட்க, உள்ளே யாரோ காத்திருந்தார்கள்.