வாலை மட்டும் இரண்டு தடவை

நாங்கள் போய்ச் சேர்ந்தபோது மதியம் சாய்ந்திருந்தது. பேருந்து நிலையத்துக்குப் பின்னால் ஒரு பழைய கட்டடம், அதன் கீழ்த்தளத்தில் ஒரு கேம் சென்டர். ஷட்டரைப் பாதிதான் தூக்கியிருந்தார்கள். குனிந்து உள்ளே நுழையும்போது என் மனைவி முனகினாள். "இந்த இடுப்ப வச்சுக்கிட்டு இன்னும் எத்தன ஷட்டருக்குக் குனியணுமோ தெரியல." எனக்கும் அதே கவலைதான்.

அவள் மெக்கானிக். காசு போட்டு ஆடும் பழைய வீடியோ கேம் மெஷின்களைப் பழுது பார்ப்பவள். நான் வேன் ஓட்டுவேன், பெட்டி தூக்குவேன், டார்ச் பிடிப்பேன். இந்த மெஷின்கள் இருக்கும் கடைகளெல்லாம் மூடிக்கொண்டே வந்ததால், மிச்சமிருந்த ஒன்றிரண்டைத் தேடி ஊர் ஊராக அலைந்தோம். ஒரு ராத்திரி தூங்கினால் தீர்கிற அசதி இல்லை எங்களுடையது. எலும்புக்குள் போய்ச் சம்மணம் போட்டு உட்கார்ந்துவிட்ட அசதி.

அந்த அசதியிலும் அவள் வாய் மட்டும் ஓயாது. விட்டுக்கொடுப்பது என்றால் என்னவென்றே அவளுக்குத் தெரியாது. நான் சாலை ஈரமாக இருக்கிறது என்றால் காய்ந்திருக்கிறது என்பாள். கல்யாணமான நாளிலிருந்து ஒரு பேச்சில்கூட நான் அவளை ஜெயித்ததில்லை. ஜெயிக்க வேண்டும் என்று எனக்குத் தோன்றியதும் இல்லை.

உள்ளே முதலாளி காத்திருந்தார். கூடம் காலியாகக் கிடந்தது. மெஷின்கள் நின்றிருந்த இடங்களில் தரை மட்டும் வெளுப்பாகச் சதுரம் சதுரமாகத் தெரிந்தது. கோடியில் ஒன்றே ஒன்று நின்றது. டைனோசர் சண்டை மெஷின். முதல் ஆட்டக்காரருக்குப் பெரிய தலையும் குட்டிக் கைகளுமாக ஒன்று. அதைக் கடிவாயன் என்போம். இரண்டாவது ஆளுக்கு மூணுகொம்பன். முன்னால் தரையோடு முடுக்கிய இரண்டு ஸ்டூல்கள்.

"இத வெலைக்கு வாங்க ஆள் கெடச்சாச்சு" என்றார் முதலாளி. "ஆனா இந்தக் கோளாறோட எப்படிக் குடுக்கறது? ரெண்டாவது ஆள் பக்கம் தானா ஆடுதுங்க."

"பட்டன் ஒட்டிக்கிட்டிருக்கும். ஈரம் எறங்கியிருக்கும்" என்றாள் என் மனைவி.

"முன்னாடி வந்தவரும் அதத்தான் சொன்னாரு. அந்தப் பக்கத்து வயரையெல்லாம் வெட்டிட்டுப் போனாரு."

"அப்புறம்?"

"அப்புறமும் ஆடுது."

அவள் என்னைப் பார்த்து உதட்டைச் சுழித்துவிட்டு, மெஷினின் பின்கதவைத் திறந்து தலையை உள்ளே விட்டாள்.

நான் டார்ச்சோடு நின்றேன். சூடான தூசியின் நெடிக்கு நடுவே வேறொரு வாசனையும் வந்தது. வலித்தைலம். இரண்டாவது ஸ்டூலின் பக்கமாகத்தான் வந்தது. அதன் பஞ்சில் யாரோ இப்போதுதான் எழுந்து போனதுபோல ஒரு குழி இருந்தது.

"அது எங்க அக்கா வாசனை" என்று முதலாளி குரலைத் தாழ்த்திச் சொன்னார். "தனியா வர்ற பசங்களுக்கு ஜோடி இருக்காதுல்ல, அவதான் ரெண்டாவது ஆளா உக்காருவா. ஜெயிக்கிற பையன்தான் மறுபடி வருவான், அதனால நீ தோத்துடணும்னு எங்கப்பா சொல்லி வச்சிருந்தாரு. பாவாடை கட்டுன வயசுல உக்காந்தவ. கடைசி வரைக்கும் தோத்துக்கிட்டே இருந்தா."

"கை வலிச்சிருக்குமே."

"மணிக்கட்டு வீங்கிப் போகும். தைலத்தத் தேச்சுக்கிட்டே ஆடுவா. 'ஒரே ஒரு தடவ ஜெயிச்சுட்டு எந்திரிச்சு வீட்டுக்குப் போகணும்டா தம்பி'னு சொல்லுவா. போன வருஷம் இந்த ஸ்டூல்லயே சாஞ்சு உசுர விட்டா."

மெஷினுக்குள்ளிருந்து என் மனைவியின் குரல் வந்தது. "அங்க என்ன கத? டார்ச்ச நேராப் பிடிங்க."

பிடித்தேன். வெட்டிய வயர்கள் செத்த புழுக்கள்போலத் தொங்கின. எதுவும் எதையும் தொடவில்லை. அவள் வெளியே வந்து, முழங்கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, முதல் ஸ்டூலில் உட்கார்ந்தாள்.

அவள் சோதிக்கும் முறை எனக்கு மனப்பாடம். வாய்க்குள் சொல்லிக்கொண்டே செய்வாள். வலது, இடது, குனி, குதி, கடி, வால், வால். இந்த மெஷின்களில் வால் பட்டன்தான் முதலில் கெடும், அதனால் வாலை மட்டும் இரண்டு தடவை தட்டுவாள். வேறு எந்த மெக்கானிக்கும் அப்படிச் செய்து நான் பார்த்ததில்லை.

அடுத்தது அடி வாங்குகிற சோதனை. முதல் ஆளை அசையாமல் நிறுத்திவிட்டு, மற்றக் கையால் இரண்டாவது ஆளை ஆட்டி அடிக்க வைக்க வேண்டும். திரையின் மேலே உயிர்க்கோடு ஒழுங்காகக் குறைகிறதா, ஒவ்வொரு அடிக்கும் சத்தம் வருகிறதா என்று கடைசிவரை பார்க்க வேண்டும். இந்தத் தொழிலில் எல்லாரும் செய்வதுதான்.

"தானா ஆடுதுல்ல, ஆடட்டும். ஒரு கை வேல மிச்சம்" என்று சொல்லி, இரண்டு கைகளையும் மடியில் வைத்துக்கொண்டாள்.

கடிவாயன் அசையாமல் நின்றது.

மூணுகொம்பனும் நின்றது. அடி விழும் என்று காத்திருந்தது போலிருந்தது. அடி விழவில்லை. ஒரு எட்டு முன்னால் வந்தது. கொம்பால் லேசாகத் தொட்டுவிட்டுச் சட்டென்று பின்வாங்கியது.

அப்போதும் அடி விழவில்லை.

தைல வாசனை ஏறியது.

பிறகு அது நிறுத்தவேயில்லை. முட்டியது, மிதித்தது, விழுந்ததை எழவிட்டு மறுபடியும் முட்டியது. இரண்டாவது பக்கத்துப் பட்டன்கள் ஒவ்வொன்றாக அமுங்கி எழுவதை நான் பார்த்தேன். அவற்றின் மேல் விரல் இல்லை.

"போதும்மா, எந்திரி" என்றேன்.

"சத்தமெல்லாம் சரியா வருதான்னு பாக்கணுங்க, இருங்க."

அவள் குரலில் நான் கேட்ட கடைசிச் சண்டை அதுதான்.

கடிவாயன் சரிந்து விழுந்தது. இரண்டாவது ஆள் ஜெயித்ததாகத் திரையில் எழுத்து மின்னியது. கூடத்தில் சத்தமே இல்லை. என் மனைவியின் தோள்கள் மெல்ல இறங்கின. தலை தொங்கியது. கொஞ்ச நேரம் கழித்து நிமிர்ந்தாள். இடது கையால் வலது மணிக்கட்டைத் தேய்த்துக்கொண்டே எழுந்தாள்.

"வீட்டுக்குப் போலாங்க" என்றாள்.

பெட்டியை மூடவில்லை. ஒரு ஸ்க்ரூ டிரைவர் இடம் மாறியிருந்தால் என்னை உண்டு இல்லை என்று ஆக்குகிறவள், எல்லாவற்றையும் போட்டது போட்டபடி விட்டுவிட்டு நடந்தாள். ஷட்டருக்குக் குனியும்போது முனகவும் இல்லை. அசதி மீறிவிட்டது என்று நினைத்துக்கொண்டேன். முதலாளி மட்டும் அவள் முதுகையே பார்த்துக்கொண்டு நின்றார்.

வேனில் வரும்போது சாலை ஈரமாக இருக்கிறது என்றேன்.

"ஆமாங்க" என்றாள்.

அதற்குப் பிறகு வீட்டில் எல்லாமே 'சரிங்க'தான். ஜன்னலைச் சாத்தலாமா என்றால் சரிங்க. திறக்கலாமா என்றாலும் சரிங்க. வேண்டுமென்றே வம்புக்கு இழுத்துப் பார்த்தேன். புன்னகைத்தபடி தோற்றுக் கொடுத்தாள், பழக்கப்பட்டவள்போல. சுகமாகத் தூங்கினாள். போர்வையை இழுத்துவிடப் போனால் மணிக்கட்டில் தைலம் மணக்கும். எங்கள் வீட்டில் தைலமே கிடையாது. சொன்னால் யார் நம்புவார்கள்? பெண்டாட்டி பேச்சைக் கேட்கிறாள், இதற்கா பயப்படுகிறாய் என்று சிரிப்பார்கள்.

ஒரு நாள் காலையில் முதலாளி போன் செய்தார். குரல் சரியில்லை.

"இன்னும் ஆடுதுங்க. ஆனா வேற மாதிரி ஆடுது. நீங்க மட்டும் வாங்க."

போனேன். மெஷின் முன்னால் யாரும் இல்லை. திரையில் கடிவாயன் சும்மா நின்றது. மூணுகொம்பன் தனியாக அசைந்துகொண்டிருந்தது.

வலது.

இடது.

குனிந்தது. குதித்தது. கடித்தது.

வால். வால்.

மறுபடியும் முதலிலிருந்து. வலது, இடது. நான் முதல் ஸ்டூலில் உட்கார்ந்து வாய்விட்டு அழுதேன். முதலாளி தடுக்கவில்லை.

"உங்க அக்கா ஜெயிச்சுட்டாங்க" என்றேன்.

"தெரியும்" என்றார். "அன்னைக்கு உங்க வீட்டம்மா நடந்து போனப்பவே தெரியும். அது அவ நடை. சொல்ல வாய் வரல. எத்தன வருஷம் உக்காந்திருந்தவ, போகட்டும்னு விட்டுட்டேன். மன்னிச்சுக்கோங்க."

அடிக்க வேண்டும்போலத்தான் இருந்தது. அதற்கும் தெம்பு இல்லை. வாங்க வந்த ஆளை அனுப்பிவிட்டு, ஸ்டூல்களையும் கழற்றி, மெஷினை அவரும் நானுமாக வேனில் ஏற்றினோம்.

வீட்டு முன்னறையில் அதை இறக்கியபோதுதான் அவள் முகம் முதன்முறையாக மாறியது. சமையலறை வாசலைத் தாண்டி அவள் வரவில்லை.

"அது எதுக்குங்க இங்க?"

"இருக்கட்டும்."

"சரிங்க" என்றாள். ஆனால் மணிக்கட்டைத் தேய்த்துக்கொண்டே நின்றாள்.

நான் முடிவு செய்திருந்தேன். தோற்றவர் உட்கார வேண்டும், ஜெயித்தவர் எழுந்து போகலாம், அவ்வளவுதானே கணக்கு. நான் தோற்றுவிடுகிறேன். என் உடம்பில் எழுந்து அவள் வரட்டும். இந்த முழங்கால்களோடு என்ன செய்யப் போகிறாளோ, திட்டிக்கொண்டே இருப்பாள். இருக்கட்டும். எனக்கு எங்கேயாவது உட்கார்ந்தால் போதும் என்றிருந்தது.

முதல் ஸ்டூலில் உட்கார்ந்து ஆட்டத்தைத் தொடங்கினேன். கைகளை மடியில் வைத்துக்கொண்டேன்.

"அடிம்மா" என்றேன் மெதுவாக.

மூணுகொம்பன் நின்றது.

"அடி. நான் கைய எடுத்துட்டேன் பாரு."

அது திரையின் ஓரம்வரை பின்னால் போனது. நேரம் குறைந்துகொண்டே வந்து பூஜ்யமானது. யாருக்கும் வெற்றி இல்லை. அடுத்த சுற்று தானாகத் தொடங்கியது. நான் கெஞ்சினேன். திட்டினேன். வேண்டுமென்றே அவள் வீட்டாரைக்கூட இழுத்தேன். அது ஓரத்திலேயே நின்றது. ஒரு கொம்பைக்கூட என் பக்கம் நீட்டவில்லை.

விட்டுக்கொடுக்கத் தெரியாதவள். இதிலும் விட்டுக்கொடுக்கவில்லை.

சாயங்காலம் தவறாமல் உட்கார்வேன். நான் அசைய மாட்டேன், அவளும் அசைய மாட்டாள். ஆட்டம் சமனாகும், மறுபடி தொடங்கும். சில சமயம் என்னையறியாமல் அங்கேயே தூங்கிப்போவேன். சமையலறையில் இருப்பவள் சாப்பாட்டை மூடி வைத்துவிட்டுப் படுத்துக்கொள்வாள். அவள்மேலும் எனக்குக் கோபம் வரவில்லை என்பதுதான் வேதனை. அவளும் களைத்துப் போனவள்தான்.

நேற்றுச் சாயங்காலம் ஆட்டத்தின் நடுவில் திரை அணைந்தது. மின்சாரம் போய்விட்டது என்று நினைத்தேன். தலைக்கு மேல் மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது.

திரும்பினேன். சுவரோரமாக அவள் நின்றிருந்தாள். கையில் மெஷினின் பிளக்.

"போதுங்க" என்றாள் தணிந்த குரலில். "படுத்துக்கோங்க. நான் இருக்கேன்ல."

கண்ணாடியில் என் முகம் மட்டும் தெரிந்தது. மெஷினின் உள்ளே ஓடிக்கொண்டிருந்த சின்ன இரைச்சலும் அடங்கியிருந்தது. என் கை தானாகப் பக்கத்து ஸ்டூலுக்குப் போனது. பஞ்சில் குழி இருந்தது. வெதுவெதுப்பாக இருந்தது.

அணைந்த மெஷினில், இரண்டாவது ஆளின் பக்கத்தில், ஒரு பட்டன் அமுங்கி எழுந்தது.

கொஞ்சம் பொறுத்து, அதே பட்டன் இன்னொரு தடவை.