அடையாற்றில் எள்ளும் தண்ணீரும்

பிணம் ஆகாயத்தாமரைக்குள் குப்புறக் கிடந்தது.

அனகாபுத்தூர் பாலத்துக்குக் கொஞ்சம் தள்ளி, அடையாறு. ஆறு என்று அரசாங்கம் சொல்கிறது. மூக்கு வேறு என்னமோ சொல்கிறது!

இன்ஸ்பெக்டர் ஜெரூஷா கர்சீப்பால் மூக்கைப் பொத்திக்கொண்டாள்.

"எருமகூட எறங்காது மேடம் இதுல," என்றார் ஏட்டு சின்னப்பன். "இந்தப் பெரியவரு எறங்கிகீறாரு."

பெரியவர் பெயர் ஸ்ரீநிவாசராகவன். ஓய்வு பெற்ற ஆசிரியர்.

பம்மல் பக்கம் மலையை உடைத்து, ஜல்லியாக்கி விற்றுத் தின்றுவிட்டுப் போனவர்கள் மிச்சம் வைத்தது ஒரு கல்குவாரிக் குழி. மழைக்காலத்தில் ஆறு பொங்கினால் வெள்ளத்தைக் குடிப்பது அதுதான். அதையும் மண் கொட்டி மூடி ப்ளாட் போட ஒரு கூட்டம் நாக்கைத் தொங்கப் போட்டு அலைந்தது. குறுக்கே நின்றது இவர் போட்ட வழக்கு ஒன்றுதான்.

நாளை விசாரணை. இன்று பிணம்...

கரையில் பித்தளைச் செம்பு. தர்ப்பைப் புல். சிந்திய எள். ஆடி அமாவாசை.

காலனிச் சங்கச் செயலாளர் நிகில் கண்கலங்கி நின்றான். ஐ.டி. மேனேஜர். துக்கத்திலும் காதில் ப்ளூடூத்.

சார் ரொம்ப ஆச்சாரமாம். ஆற்றங்கரையில்தான் தர்ப்பணம் செய்வேன் என்று அடம்பிடித்தாராம். இவன்தான் காரில் கொண்டுவந்து விட்டானாம். அவர் எள்ளை எடுத்து ஆரம்பித்ததைக் கண்ணால் பார்த்துவிட்டுத்தான் காபி குடிக்கப் போனானாம்.

"வழுக்கி விழுந்திருக்கணும் மேடம்..."

ஜெரூஷாவின் போன் அலறியது. மேலதிகாரி. விபத்து என்று எழுதி, மத்தியானத்துக்குள் மூடச் சொன்னார்.

அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஆளோடு சேர்த்து வழக்கையும் புதைக்க எத்தனை அவசரம்! ஆனால் மறுத்துப் பேசக் கையில் எதுவும் இல்லை.

அப்போது ஓர் ஆட்டோ வந்து நின்றது. செம்பாக்கத்தில் மகள் வீட்டிலிருந்து வந்து இறங்கியவர் சுந்தரராமன். செத்தவரின் அப்பா. தொண்ணூறை நெருங்கும் வயது.

கரையில் தூக்கிக் கிடத்தியிருந்த உடலின் துணியை விலக்கி மகனின் முகத்தைப் பார்த்தார். நெற்றியைத் தடவிக்கொடுத்தார். பிறகு கரையில் கிடந்த எள்ளைப் பார்த்தார்.

"இது என்னம்மா?"

தர்ப்பணம் என்று சொன்னாள் ஜெரூஷா.

"யார் சொன்னா?"

நிகில் பவ்யமாக முன்னே வந்தான். "அம்மாவுக்குப் பண்ணினார் மாமா. நானே பார்த்தேன்."

"மடையா..." கிழவரின் குரல் கிழிந்தது. "அப்பா உசிரோட இருக்கறவன் அம்மாவுக்கு வருஷத் திவசம்தான் பண்ணுவான். அமாவாசைத் தர்ப்பணம் பண்ணப்படாது. நான்தான் இன்னும் சாகலையே!"

நிகிலின் முகம் சுண்ணாம்பாய் வெளுத்தது.

"யூட்யூப் வீடியோல அம்மா பேரும் சொல்லித்தானே எள்ளு விட்டாங்க..."

பாதியில் வாயைப் பொத்திக்கொண்டான். லேட்.

"ஆக, எள்ளு உங்க கைவேலை," என்றாள் ஜெரூஷா.

ஓடப் பார்த்தான். சேறு காலைப் பிடித்தது. சின்னப்பன் காலரைப் பிடித்தார்.

ஜீப் வரை நடப்பதற்குள் எல்லாவற்றையும் கக்கிவிட்டான். ஆற்றில் மண் கொட்டுவதைக் காட்டுகிறேன் என்று விடியற்காலையில் அழைத்து வந்தது. தள்ளியது. அமுக்கியது. கூலி, குவாரிக் குழிமேல் வரப்போகும் இரண்டு ப்ளாட்.

வெள்ளம் வந்தால் முதலில் மூழ்கப்போகிற ப்ளாட்! அதற்கு ஒரு கொலை!

சுந்தரராமன் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "நாளைக்கு நான் கோர்ட்டுக்கு வரேம்மா. அந்தக் கேஸ்ல அவன் பேர் இருந்த எடத்துல என் பேரைப் போடச் சொல்லு."

ஜெரூஷா தலையசைத்தாள். மேலதிகாரிக்கு என்ன பதில் சொல்வது என்ற கவலை இப்போது அவளுக்கு இல்லை.

ஜீப்புக்குள்ளிருந்து நிகில் முனகினான். "மேடம்... லாயருக்கு ஒரு போன் பண்ணிக்கட்டுமா?"

"தாராளமா. அவராவது வீடியோ பார்க்காம படிச்சவரா இருக்கட்டும்."