அந்தாண்ட வயல் நெல்லு

ஐப்பசி மழையில் குருவிநத்தம் சாலையில் சைக்கிள் விடுகிறவனுக்குக் கொஞ்சம் நிதானம் வேண்டும். கோணிப்பையைக் கொங்காணியாகத் தலையில் கவிழ்த்துக்கொண்டு வந்த அந்த ஆளுக்கு அது சுத்தமாக இல்லை. பூவரச மரத்தடியில் ஒதுங்கி நின்ற அமிர்தத்தின் வெள்ளைப் புடவையில் சளக்கென்று சேறு வந்து விழுந்தது.

"இன்னாய்யா, கண்ணு பின்னாடி இருக்கா?"

அவன் காலை ஊன்றி நின்றான். கோணிக்குள்ளிருந்து இரண்டு கண்கள் பார்த்தன... பெரிய கண்கள், இமையெல்லாம் மழைத்துளி. மேற்கொண்டு என்ன திட்டுவது என்று அமிர்தத்துக்கு மறந்துபோயிற்று. அதற்காகவே இன்னும் கோபம் வந்தது.

"தப்புதாங்க. இங்க சம்மந்தம் வூடு எதுங்க?"

அவள் அப்பாவின் பெயர்!

"எதுக்கு?"

"அவரு பொண்ணு அமிர்தம், பாகூர் ஆஸ்பத்திரியில நர்ஸ் வேலைக்கு எழுதியிருக்குது. பொண்ணு எப்படின்னு விசாரிக்கணும்."

"அதுவா... சரியான வாயாடி. நெல்லு கடத்துனாள்னு கடலூர் கோர்ட்டுல கேசு வேற நடக்குது."

அவன் கோணியை இறக்கினான். உள்ளே காக்கிச் சட்டை. போலீஸ்காரன்! ஆனாலும் அமிர்தம் முகத்தைத் திருப்பவில்லை.

"கேசா? எங்கிட்ட பேரும் ஊரும்தான் குடுத்தாங்க. நீங்க..."

"நான்தான் அந்த வாயாடி."

நடந்தது இதுதான். அவர்கள் வீடு பிரெஞ்சுக்காரன் பக்கம், வயல் எல்லைக்கு அந்தப் பக்கம், கடலூர்ச் சீமையில். இரண்டு வருஷத்துக்கு முந்தின சித்திரையில், பிரெஞ்சுக்காரன் போவதற்குச் சற்று முன்னால், எல்லையை இறுக்கிவிட்டார்கள். ஒரு மணி தானியம் இந்தப் பக்கம் வரக்கூடாது. வீட்டில் அடுப்பு எரியவில்லை. அமிர்தம் தங்கள் களத்து நெல்லில் ஒரு மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு நடந்தாள், சுங்கக்காரர்கள் பிடித்தார்கள். அந்த ஐப்பசியிலேயே கொடி மாறியது, எல்லையும் போயிற்று. வழக்கு மட்டும் போகவில்லை.

போலீஸ்காரன் குரலைத் தாழ்த்தினான். "எங்க ஸ்டேஷன்ல உங்க பேர்ல ஒண்ணுமில்ல. கடலூர்ல இருக்கிறதை இங்க யாரு தோண்டப்போறாங்க... வுட்டுடட்டுமா?"

நல்ல மனசோடுதான் கேட்டான். அவளுக்குத்தான் சுருக்கென்று தைத்தது.

"வாணாம். எங்க வயல் நெல்லை எங்க வூட்டுக்குத் தூக்கியாந்தேன். அதை மறைச்சா, திருடினேன்னு நானே ஒத்துக்கினதா ஆவும். விண்ணப்பத்துலயே எழுதியிருக்கேன். நீங்களும் இருக்கிறதை இருக்கிறபடி எழுதுங்க."

அவன் அவளையே பார்த்தான். பிறகு நனைந்த காகிதத்தைத் தொடைமேல் வைத்து எழுதினான். கிளம்பும்போது, "எம் பேரு சிவப்பிரகாசம். ஊரு உறுவையாறு," என்றான்.

"நான் கேக்கலியே."

"எதையும் மறைக்கக்கூடாதுன்னு சொன்னீங்களே..."

சைக்கிள் போய் வெகுநேரம் ஆகியும் அவள் மரத்தடியை விட்டு நகரவில்லை. மழை நின்றதைக் கவனித்தால்தானே.

வழக்கு முடியும்வரை வேலை கிடையாது என்று உத்தரவு வந்தது. எழுது என்றால் எழுதிவிடுவதா, ஒரு வார்த்தை மறுத்துப் பேசக்கூடாதா என்று அவன்மேல் ஆத்திரம். மறுத்திருந்தால் மதித்திருப்போமா என்று உடனே ஒரு நினைப்பு... இரண்டுக்கும் நடுவில் அந்தக் கண்கள்.

"வக்கீலு சொல்றாரும்மா," என்றார் சம்மந்தம். "குத்தத்தை ஒத்துக்கினா சின்ன அபராதம்தானாம். அன்னிக்கே முடிஞ்சிடும்."

"அபராதத்தோட போவாதுப்பா. குத்தவாளின்னு பேரு நிக்கும். அப்புறம் எந்த ஆஸ்பத்திரியில சேத்துப்பாங்க? வேலையை வுடு... அந்த நெல்லு நீ வெதைச்சது. இல்லன்னு எப்படிப்பா சொல்லுவேன்?"



கடலூர் கோர்ட்டில் கூண்டைப் பிடித்துக்கொண்டு நின்றாள். குரல் நடுங்கவில்லை.

"நெல்லு தூக்கினது நான்தாங்க. கடத்தல. அந்தாண்ட எங்க வயலு, இந்தாண்ட எங்க அடுப்பு. நடுவுல கோடு போட்டது நாங்க இல்லீங்க."

பிடித்த சுங்கக்காரரும் மறைக்கவில்லை. களத்து வைக்கோல்கூட உதறாத நெல், விற்கக் கொண்டுபோனதாகத் தெரியவில்லை என்று சொன்னார். மாஜிஸ்திரேட் விடுதலை என்றார். வெளியே வந்த சம்மந்தம் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, கடைத்தெரு முழுக்க மகளுக்கு முன்னால் நெஞ்சு நிமிர்த்தி நடந்தார்.

தை மாதத்தில் யாரும் எதிர்பாராத ஒரு மழை. அதே சாலை, அதே கொங்காணி. இந்தத் தடவை சேறு தெறிக்காமல் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வந்தான். பூவரசமரத்தடியில் அமிர்தம் நின்றாள். தற்செயலாகத்தான் என்று சொன்னால் நம்புவீர்களா?

"மறுபடி விசாரணை. அமிர்தம்னு ஒரு பொண்ணு..."

"வாயாடி."

"அது போன தடவையே தெரிஞ்சுது. கேசு?"

"விடுதலை." சொல்லும்போது தலை தானாக நிமிர்ந்தது.

அவன் எழுதினான். அந்த முகத்தில் அவளைவிடப் பெருமை. "வேற எதாச்சும் சொல்லாம வுட்டிருக்கீங்களா?"

"ஒண்ணு இருக்கு."

பேனா நின்றது.

"அன்னிக்கு உங்க பேரைக் கேக்கலியேன்னு சொன்னேன்ல... கேக்கணும்னுதான் இருந்திச்சு. அன்னிலேருந்து அந்தப் பேரைத்தான் நெனைச்சிகினு இருக்கேன். மறைச்சு வைக்க எனக்கு வராது."

மழை இலைகளில் சடசடத்தது. அவன் பேனாவை மூடிச் சட்டைப் பையில் செருகினான். காது நுனிவரை சிவந்துபோயிருந்தான்.

"நானும் ஒண்ணை மறைச்சிட்டேங்க. இன்னிக்கி விசாரணைக்கு வேற ஆளைத்தான் போட்டாங்க. நான் கேட்டு வாங்கிகினு வந்தேன்."

அமிர்தம் தலைகுனிந்து சிரித்தாள்.

அவன் கோணியை அவள் தலைமேல் பிடித்தபடி கேட்டான்.

"சம்மந்தம் வூடு எதுங்க?"

"வாங்க," என்று அவள் முன்னால் நடந்தாள்.