இதயப் பாடம்

டிவியில் இருந்த வெள்ளைக் கோட்டு மனிதர் "வணக்கம், மாணவர்களே" என்று சொல்லிவிட்டுப் பதிலுக்காகக் காத்திருந்தார். வெளியே புந்தோங் தெருவில் மழை வலுத்து, சாக்கடை நிரம்பி, அதன் வாடை சன்னல் வழியே வீட்டுக்குள் வந்து சேரும்வரை காத்திருந்தார்.

கலாதேவிக்குச் சிரிப்பு வந்தது. பீடோர் பக்கத்து ரப்பர் தோட்டப் பள்ளியில் இந்தப் பாடப் படத்தைப் போடும்போது செல்லாயி டீச்சர் பிள்ளைகளைச் சும்மா விடமாட்டார். டிவியில் பேசினாலும் வாத்தியார் வாத்தியார்தான். எழுந்து, கைகட்டி, பதில் சொல்லியாக வேண்டும். அந்தப் பழக்கம் ஐம்பது வயதில் மட்டும் போய்விடுமா என்ன? எழுந்து நின்று, "வணக்கம், ஐயா" என்றாள்.

அவர் அவளைப் பார்த்துத் தலையசைத்தார். பாடம் தொடங்கியது.

பழைய வீடியோ கேசட், நடுவில் சிக்கியிருக்கும் என்று மனதைத் தேற்றிக்கொண்டாள். முன்னாள் மாணவர் விருந்தில் காட்டலாமே என்று, அதே பள்ளியில் மூத்த வகுப்பில் படித்த தர்மேந்திரன்தான் மூடிக்கிடந்த பள்ளியிலிருந்து அதை எடுத்துவந்து, ஓடுகிறதா பார்க்கச் சொல்லியிருந்தார். பக்கத்து அறையில் ஜெயபாலன் தூங்கிக்கொண்டிருந்தான். இருதய ஆபரேஷன் முடிந்து வீட்டுக்கு வந்து ஒரு வாரம். பள்ளியில் ஒரே வகுப்பில் உட்கார்ந்தவன், பிறகு கட்டிக்கொண்டவன். அவன் குறட்டை காதில் விழுந்தால்தான் இப்போதெல்லாம் அவளுக்கு உயிர் தங்கும். அதற்காகவே கதவைத் திறந்து வைத்திருந்தாள்.

திரையில் சிவப்பாக ஓர் இதயம் துடித்தது. லப், டப். அடுப்பில் தண்ணீர் பொங்கும் சத்தம் கேட்டு, படத்தை நிறுத்திவிட்டு எழுந்தாள்.

குறட்டையும் நின்றது.

அறைக்கு ஓடினாள். அவன் உதடு நீலம் பாய்ந்திருந்தது. நெஞ்சில் அசைவில்லை. உலுக்கினாள், கன்னத்தில் தட்டினாள், பேர் சொல்லிக் கத்தினாள். போனை எடுக்க ஹாலுக்குப் பாய்ந்தவளின் கை பட்டு ரிமோட் கீழே விழுந்தது. படம் மறுபடி ஓடியது. லப், டப்.

அறையிலிருந்து, தண்ணீரில் மூழ்கி எழுந்தவன் மாதிரி ஓர் இழுப்பு. பிறகு குறட்டை.

அவள் ரிமோட்டைத் தொடவில்லை. போனில் தர்மேந்திரனை அழைத்தாள்.

"அண்ணே, உடனே காடி எடுத்துக்கிட்டு வாங்க. இவருக்கு மூச்சு நின்னு நின்னு வருது."

"வாரேன்மா. ஆம்புலன்ஸுக்கும் சொல்லிடறேன்."

"அண்ணே... அந்தப் படம் எப்படி முடியும்?"

"இப்ப அதுவா முக்கியம்? எல்லாரும் நன்றி ஐயான்னு சொல்வோம், டீச்சர் டிவிய மூடுவாங்க. மறந்துட்டியா லா?"

அவள் மறக்கவில்லை. அதனால்தான் கேட்டாள்.

மழை நின்றிருந்தது. திரையில் மனிதர் பாடம் சுட்டிக்காட்டிய குச்சியைக் கீழே வைத்தார். அவருக்குப் பின்னால் இதயம் மட்டும் துடித்துக்கொண்டிருந்தது.

"பாடம் முடிந்தது. எழுந்து நில்லுங்கள்."

காத்திருந்தார்.

அவளுக்குப் புரிந்துவிட்டது. பதில் வராமல் படம் முடியாது; படம் ஓடும்வரை ஜெயபாலன் மூச்சும் ஓடும். முந்தானையைச் சுருட்டி வாயில் திணித்துக்கொண்டாள். நாக்கு தானாகவே புரண்டது, பாழாய்ப்போன பழக்கம். கடித்தாள். இரத்தம் உப்புக் கரித்தது. கார் வரட்டும். அதுவரை பேசக் கூடாது. அவ்வளவுதான். பேசவே கூடாது.

மனிதர் அவளைப் பார்க்கவில்லை. அவள் தோளுக்கு மேலே பார்த்துக்கொண்டிருந்தார்.

கட்டில் கிறீச்சிட்டது.

குறட்டை எப்போது நின்றது? தெரியவில்லை.

வெறுங்கால்கள் தரையில் இழுபட்டன. திரும்பினாள். அறை வாசலில் ஜெயபாலன். அரைத் தூக்கம். முதுகு நிமிர்ந்திருந்தது. தையல் போட்ட நெஞ்சின் மேல் கைகள் கட்டியிருந்தன.

பாய்ந்தாள். அவன் வாயைப் பொத்தினாள்.

உள்ளங்கைக்கு அடியில் உதடுகள் அசைந்து முடிந்திருந்தன. நான்காம் வகுப்புக் குரல், இழுத்து, பாட்டுப் போல.

"நன்றி, ஐயா."

திரையில் இதயம் நின்றது.

அவள் உள்ளங்கையில் மூச்சுப் படவில்லை. தோள் சில்லிட்டிருந்தது. வாசலில் கார் ஹாரன் அடித்தது. யாரோ கேட்டைத் தட்டினார்கள்.

ஜெயபாலன் கீழே விழவில்லை. கண் திறந்தபடி, கைகட்டியபடி, உட்காரச் சொல்வார் என்று திரையைப் பார்த்து நின்றுகொண்டிருந்தான்.