ஆதியம்மாளுக்கு வைத்த தட்டு

திருவிடந்தை பஸ் நிறுத்தத்தில் இறங்கிக் கடல் பக்கம் பத்து நிமிடம் நடந்தால் வசந்த் சாரின் வீடு. பேய்க்கதைக்கு ஆகிற வீடு அல்ல. பாழடைந்த மாடி இல்லை, புளியமரம் இல்லை. எங்கு பார்த்தாலும் ஏசி, சொன்னால் எரிகிற விளக்கு. நான் போனபோது காலை எட்டு மணி, நல்ல வெயில். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இருட்டில் எதையோ பார்த்துப் பயந்துவிட்டான் கிருபாகரன் என்று பிறகு யாரும் சொல்லக்கூடாது.

மாமல்லபுரத்து ரிசார்ட்டுகளில் இருபத்திரண்டு வருடம் சமைத்தவன் நான். அந்த அடுப்படிகள் எனக்குக் கொடுத்தவை இரண்டு. ஒன்று, எண்ணெய் தெறித்து இடது தாடையில் விழுந்த தழும்பு. இன்னொன்று என் நாக்கு. சமைத்த எதையும் ருசி பார்க்காமல் நான் வெளியே அனுப்பியதில்லை. அந்த நாக்கை நம்பித்தான் என் வீட்டில் உலை கொதிக்கிறது.

வசந்த் சார் தன் கம்பெனியை விற்றுவிட்டுச் சும்மா இருந்தார். சில பேருக்குச் சும்மா இருந்தால் பக்தி வரும். இவருக்குப் பிரெஞ்சுச் சமையல் வந்துவிட்டது. அன்று மதியம் நான்கு விருந்தாளிகள். அவர்களுக்கு ஃபுவா க்ரா போட வேண்டும். பெயரைக் கேட்டு மிரள வேண்டாம், வாத்து ஈரல்தான். வாத்தின் தொண்டைக்குள் குழாயை விட்டு மக்காச்சோளக் கூழை வேளாவேளைக்குத் திணித்துத் திணித்து, பத்து மடங்கு வீங்க வைத்த ஈரல். அதை வெளிநாட்டிலிருந்து கொண்டுவர இங்கே தடை. தடை இருந்தால் என்ன, கொல்லையிலேயே செய்துகொள்ளலாம் என்று சார் ஆறு வாத்து வாங்கிக் கொட்டகையில் அடைத்தார். குழாயைப் பிடிக்க மட்டும் அவருக்குக் கை கூசியது. அதற்குக் கோவளம் குப்பத்திலிருந்து ஆதியம்மாளை வைத்துக்கொண்டார்.

ஒரு மாதத்துக்கு முன்னால் பேச வந்தபோது அவளைப் பார்த்தேன். மீன் கூடை சுமந்து தேய்ந்த உடம்பு. வாத்தை மடியில் இடுக்கி, இரண்டு விரலை அதன் தாடைக்கு அடியில் கொடுத்துத் தலையை மேலே தூக்குவாள். "தொற கண்ணு... தொற" என்பாள். குழாய் உள்ளே போகும். வாத்தின் கண் மேலே செருகும்.

"என்னக் கண்டாலே மூலைக்கு ஓடுதுங்கண்ணா" என்றாள் என்னிடம். "வயிறு ரொம்பினவனுக்கு எதுக்குண்ணா இன்னும் ஊட்டணும்? எங்க வூட்ல கேட்டாலும் தர முடியாது, இங்க வேணான்னாலும் வுட மாட்றாங்க."

மதியம் பன்னிரண்டுக்கு வாத்துகளுக்குக் கூழ். அது முடிந்தால்தான் அவள் தன் தூக்குவாளியைத் திறக்கலாம். சாரின் சட்டம் அது. அப்படி ஒரு பன்னிரண்டு மணிக்குத்தான் கொட்டகையிலேயே சுருண்டு விழுந்து செத்துப்போனாள். தூக்குவாளியின் மூடி திறக்கவே இல்லை. சார் ஒரு மாலை வாங்கிப் போட்டு உடம்பை அனுப்பிவைத்தார். அன்று சாயங்காலமே ஆறு வாத்தையும் வெட்டச் சொல்லி ஈரலை ஃப்ரீசரில் வைத்தார். துக்கம் வேறு, விருந்து வேறு அல்லவா!

இதெல்லாம் தெரிந்தேதான் நான் போனேன். காறித் துப்புவதென்றால் என் மீதும் கொஞ்சம் துப்ப வேண்டும். இந்த ஈரலை நான் கடைசியாகத் தொட்டுப் பல வருடமாகிறது. இன்னொரு தடவை தொட வேண்டும் என்று கை நமநமத்தது.

பாலில் ஊறிய ஈரலை எடுத்து நரம்புகளை ஒவ்வொன்றாக உருவினேன். விரல் கனத்தில் துண்டு போட்டு, மேலே கத்தியால் கட்டம் கீறி, கேளம்பாக்கத்துக் கல்லுப்பைப் பொடித்துத் தூவினேன். எண்ணெயே வேண்டாம். காய்ந்த வாணலியில் வைத்தால் அதன் கொழுப்பே உருகிப் பொரியும். பக்கத்து அடுப்பில் கருப்பட்டியும் புளியும் பாகாக வற்றிக்கொண்டிருந்தன. ஓரத்தில் சிறு துண்டு கிள்ளி வாயில் போட்டேன். வெண்ணெய் மாதிரி கரைந்தது. உப்பு சரியாக இருந்தது. கண்ணை மூடிக்கொண்டேன்.

திறந்தபோது கொல்லைக் கதவில் ஆதியம்மாளின் மகள் ரேணுகா நின்றாள்.

"அண்ணா, இன்னிக்கு எங்கம்மாக்குப் பதினாறாம் நாளு. படையல் போடணும். வூட்ல ஒரு போட்டோகூட இல்ல. சாரு வாத்தோட சேத்து எடுத்தாரே, அது ஒண்ணுதான் கீது. உச்சிக்குள்ள வாங்கிக் குடுண்ணா."

"எல்லாம் சமைச்சாச்சாம்மா?"

"ஆச்சுண்ணா. நெத்திலிக் கொழம்பு, அதுக்குப் புடிச்சது. படையலாச்சே, உப்புகூட பாக்கல. ஆனா ஒரு புடி எடுத்து வெச்சும் காக்கா வரவே இல்ல. அம்மா இன்னும் இங்கியே சுத்திகினு கீதோ இன்னாவோ."

சாப்பாட்டு அறைக்குப் போனேன். அந்தப் படத்தைச் சார் பெரிதாக்கிச் சட்டம் போட்டுத் தெற்குச் சுவர் ஓரமாக ஒரு மேசையில் வைத்திருந்தார். மடியில் வாத்து, தாடைக்கு அடியில் இரண்டு விரல். கீழே 'எங்கள் பண்ணையின் தாய்' என்று எழுதியிருந்தது. பண்ணையாம்! தாயாம்! வேலைக்கு வைத்த நாளிலிருந்து அவளை ஒரு வேளை நேரத்துக்குச் சாப்பிட விடாதவர் எழுதியது.

"லஞ்ச் முடிஞ்சதும் குடுத்துடலாம் மாஸ்டர்" என்றார் சார். "கெஸ்ட்டுக்கு ஒரு ஸ்டோரி வேணும்ல? முதல் பிளேட்டை இந்த ஃபோட்டோ முன்னாடி வைங்க. கேண்டில் ஏத்திட்டு, கர்ட்டன் இழுத்து, டோரை மூடிடுவோம். எல்லாரும் வெளிய வெயிட் பண்ணட்டும். அப்புறம் மூணு தடவை தட்டிட்டுத் திறப்போம். செம எஃபெக்ட்டா இருக்கும்."

படம், விளக்கு, வாழை இலை விரித்த தட்டு, உச்சி வேளை, சாத்திய கதவு, தட்டித் திறப்பது. செத்தவர்களுக்குப் படையல் போட்டுவிட்டு நாங்கள் செய்வதும் இதேதான். பெயரைச் சொல்லிக் கூப்பிடுவது மட்டும்தான் பாக்கி.

படையலுக்கு வைப்பதை யாரும் முன்னால் ருசி பார்க்கக் கூடாது. நான் பார்த்துவிட்டேன்.

படத்தை எடுத்து ரேணுகாவிடம் கொடுத்திருக்கலாம். இரண்டு நிமிட வேலை. வாணலியில் ஈரல் உருகிக்கொண்டிருந்தது. "லஞ்ச் முடியட்டும்மா" என்று சொல்லிவிட்டு அடுப்பைப் பார்க்கப் போனேன். அவள் கொல்லைப் படியில் உட்கார்ந்தாள்.

பன்னிரண்டு மணிக்கு ஆறு தட்டையும் வைத்தேன். மேசையில் ஐந்து, படத்துக்கு முன்னால் ஒன்று. சார் கதவைச் சாத்தினார். விருந்தாளிகள் கையில் கிளாஸோடு வெளியே நின்றார்கள்.

முதலில் வாசனை வந்தது. புளித்த மக்காச்சோளக் கூழும் கருவாடும் கலந்த வாசனை.

அப்புறம் சத்தம். ஈரக் காலால் தரையில் தட்டித் தட்டி நடக்கிற சத்தம். ஒன்று அல்ல, பல.

"சவுண்ட் சிஸ்டமா வசந்த்? சூப்பர்!" என்றார் ஒரு விருந்தாளி.

சார் சிரித்தார். அது அவர் வைத்த சத்தம் இல்லை என்பது அவர் முகத்தில் தெரிந்தது. பாராட்டை மட்டும் விடாமல் வாங்கிக்கொண்டார்.

உள்ளேயிருந்து ஒரு முணுமுணுப்பு.

"தொற கண்ணு... தொற."

சார் மூன்று தடவை தட்டிக் கதவைத் திறந்தார். மேசைமேல் ஐந்து தட்டும் வைத்தபடியே இருந்தன. படத்துக்கு முன்னால் இருந்த தட்டில் ஈரல் இல்லை. அந்த இடத்தில் மஞ்சளாக ஒரு கை கூழ் ஆவி பறக்கக் கிடந்தது.

விருந்தாளிகள் கை தட்டினார்கள்! ஒருவர் வீடியோ எடுத்தார். சார் குனிந்து வணக்கம் வைத்து, நாற்காலியில் உட்கார்ந்து, முதல் துண்டை வாயில் வைத்தார்.

அவர் தலை மெதுவாக மேலே போனது.

வாய் திறந்தது.

தாடைக்கு அடியில் சதை இரண்டு இடத்தில் குழிந்தது.

தொண்டை ஏறி இறங்கியது. எதையோ விழுங்குகிறார், விழுங்கிக்கொண்டே இருக்கிறார். கண் மேலே செருகிவிட்டது. வாத்தின் கண்ணை நான் பார்த்திருக்கிறேன், அச்சு அசல் அதேதான். யாரும் கை தட்டவில்லை. அவர் கீழே சரிந்தபோது வாயிலிருந்து மஞ்சள் கூழ் வழிந்தது.

என் காதுக்குப் பக்கத்தில் கருவாட்டு மூச்சு பட்டது.

"உப்பு பாத்தியாண்ணா? சரியா கீதா?"

படத்தைப் பிடுங்கிக்கொண்டு கொல்லைக்கு ஓடினேன். ரேணுகா அதை வாங்கி முந்தானையால் கண்ணாடியைத் துடைத்தாள். துடைத்தவள் நிமிர்ந்து என்னைப் பார்த்தாள்.

"அண்ணா, வாத்து எங்க?"

படத்தில் ஆதியம்மாள் இருந்தாள். மடி காலி. இரண்டு விரல் மட்டும் அப்படியே மேலே தூக்கியபடி இருந்தது.

வசந்த் சார் செங்கல்பட்டில் ஓர் ஆஸ்பத்திரியில் கிடக்கிறார். ஈரல் பத்து மடங்கு வீங்கியிருக்கிறதாம். டாக்டர்களுக்குக் காரணம் தெரியவில்லை. என்னைக் கேட்டால் செய்முறையே சொல்வேன். அவருக்காக நான் அழவில்லை.

என் கதையும் முடிந்துவிட்டது. எதை வாயில் வைத்தாலும் கூழ்தான். மிளகு, புளி, மீன், உப்பு எல்லாமே மக்காச்சோளக் கூழ். உப்பு தெரியாத சமையல்காரனை யார் வைத்துக்கொள்வார்கள்? ஒரு மாதமாக அடுப்படிக்குப் போகவில்லை. ரேணுகாவின் வீட்டுக்குப் போய் அவள் அம்மா படத்துக்கு முன்னால் விழுந்து கும்பிட்டும் பார்த்தேன்.

இன்று காலை ரேணுகா போன் செய்தாள்.

"அண்ணா, போட்டோல அம்மா கையில இன்னாவோ தெரிய ஆரம்பிச்சிகீது. மொதல்ல அழுக்குன்னு நெனச்சன். இல்லண்ணா, ஒரு மூஞ்சி. வாயத் தொறந்துகினு கீது."

"யாரு மூஞ்சி?" என்றேன்.

"எடது தாடைல ஒரு தழும்புகூட கீதுண்ணா."

இப்போது மணி பதினொன்று ஐம்பத்தைந்து. வீட்டில் யாரும் அடுப்பு பற்றவைக்கவில்லை. கூழ் கொதிக்கிற வாசனை வருகிறது.