சங்கிலியைத் தேடிச் சயாம் காட்டுக்குள்

ஜப்பான்காரன் தோற்று ஓடியதும் வெள்ளைக்காரத் துரை மலாயாவின் கெடாவிலிருந்த தன் தோட்டத்துக்குத் திரும்பி வந்தார். வந்தவர் ரப்பர் மரங்களை எண்ணினார். சயாம் காட்டில் ரயில் பாதை போட ஜப்பான்காரன் பிடித்துப்போன ஆட்களை எண்ண அவருக்கு எங்கே நேரம்? பவளாயி அவரை நம்பிக் காத்திருக்கவில்லை. புருஷன் சங்கிலியைத் தேடித் தானே கிளம்பிவிட்டாள்.

துணைக்குக் கொழுந்தன் சோலை. நம்பிக்கைக்கு ஒரு சேதி. சங்கிலி இருந்த ரயில்பாதை முகாமிலிருந்து தப்பி வந்த ஒருவன், “காலையில பேர் கூப்பிடுறப்ப ‘சங்கிலி’ன்னா ‘இருக்கேன்’னு குரல் வரும். என் காதால கேட்டேன்” என்று சொல்லியிருந்தான். அந்த ஒரு சொல்லை நம்பித்தான் அவள் பொட்டை அழிக்காமல் இருந்தாள்.

கூட்ஸ் வண்டி, படகு, பிறகு நடை. அட்டைகள் காலை மொய்த்தன. மலையோர மரப்பாலம் பாதி சரிந்து கிடந்தது. கீழே ஆறு இரைந்தது.

“கீழ பாக்காதீங்க அண்ணி. என் முதுகையே பாத்து வாங்க.”

“நீ மொதல்ல கால ஊனிப் போப்பா.”

நடுப்பாலத்தில் கட்டை முறிந்தது! சோலை அந்தரத்தில் தொங்கினான். பவளாயி குப்புற விழுந்து அவன் கையைப் பிடித்து இழுத்துப் போட்டாள்.

அக்கரையில் முகாம். ஒரே ஒரு கொட்டகையில் புகை வந்தது. புருஷன் பெயரை அவள் வாயால் சொல்லலாமா? சோலைதான் கூப்பிட்டான்.

“சங்கிலி அண்ணே!”

“இருக்கேன்.”

பவளாயி ஓடினாள். உள்ளே எலும்பும் தோலுமாக வேறொருவன் கிடந்தான். தன் பேர் அங்கப்பன் என்றான்.

“அவருக்குக் காலரா கண்டுச்சு, ஆத்தா. படுத்துட்டா பாதிச் சோறுதான். பேர் கூப்பிடுறவன் தலைய நிமித்திப் பாக்க மாட்டான். அதான் அவர் பேருக்கும் நானே குரல் குடுத்து, சோத்த வாங்கி ஊட்டுனேன். போன மழையில போயிட்டாரு.” முகத்தைத் திருப்பிக்கொண்டான். “அதுக்கப்புறமும் குரல் குடுத்தேன். பசி. இப்பவும் அந்தப் பேரு காதுல விழுந்தா வாய் தானா சொல்லுது.”

சோலை கையை ஓங்கினான். பவளாயி தடுத்தாள்.

“அவர எங்க வச்சீங்க?”

அவன் காட்டிய மேட்டில் எத்தனையோ பேர் ஒன்றாகக் கிடந்தார்கள். அங்கேயே அவள் பொட்டை அழித்தாள். அழுகை வரவில்லை.

“இவரத் தூக்கிக்க, தம்பி.”

“இவனையா அண்ணி?”

“ஒருத்தரையாவது வீடு சேப்போம்.”

தோட்டத்தில் தொழிலாளர் குடியிருப்பான லயத்துச் சனமெல்லாம் ஓடிவந்து சோலையின் முதுகிலிருந்த முகத்தைப் பார்த்தது. யார் இது என்று கேட்டது.

“எங்க வீட்டுக்காரர் சோறு போட்டுக் காப்பாத்துன ஆளு” என்றாள் பவளாயி. சொல்லி முடித்த பிறகுதான் அவளுக்கு அழுகை வந்தது.